சனிக்கிழமை எதிர்க்கட்சி

செல்வி, குமரன், நீங்கள் இருவரும் ஒருவர் பின் ஒருவராகப் போன் செய்து ஒரே கேள்வியைக் கேட்டீர்கள். பல தேசங்கள் சேர்ந்து, சூரியனுக்குள் நடப்பதைப் பூமியில் நடத்திப் பார்க்க ஒரு பெரிய எந்திரம் கட்டுவதாகத் தொலைக்காட்சியில் காட்டினார்களாம். "அப்பா, இதுதானே நீங்க பார்த்த வேலை?"

அதுவேதான் என்று சொன்னால் பொய். சம்பந்தமே இல்லை என்று சொன்னாலும் பொய். குமரன் மூன்றாம் வகுப்பில் இருக்கும்போது, "எங்கப்பா காலேஜ்ல சூரியன் செய்யிறாரு" என்று சொல்லி டீச்சரிடம் குட்டு வாங்கிக்கொண்டு வந்தான். அன்றைக்குச் சிரித்ததோடு சரி. இப்போது வேலையும் இல்லை, நேரமும் இருக்கிறது. உங்கள் பிள்ளைகளுக்கும் விளங்குகிற மாதிரி எழுதப் பார்க்கிறேன்.

நான் பத்தாவதைத் தாண்டவில்லை. மதுரை டவுனில் நியான் போர்டு செய்கிற கடையில் சேர்ந்தேன். கண்ணாடிக் குழலைத் தீயில் வாட்டி, வளைத்து, எழுத்தாக்க வேண்டும். உள்ளே இருக்கும் காற்றைப் பம்பு வைத்து உறிஞ்சிவிட்டு, துளி நியான் வாயுவை விட்டு மூடி, மின்சாரம் கொடுத்தால் சிவப்பாக எரியும். சினிமா தியேட்டர் உச்சியிலும் ஜவுளிக்கடை வாசலிலும் நான் வளைத்த எழுத்துகள் கொஞ்ச காலம் எரிந்தன.

அந்தக் கடைக்கு ஒரு நாள் துளசிராம் சார் வந்தார். மேலூர் போகிற சாலையில் இருந்த ஒரு கல்லூரியில் இயற்பியல் பேராசிரியர். குள்ளமாக, கையில் குடையோடு, கடன் கேட்க வந்தவர் மாதிரி தயங்கித் தயங்கிப் பேசினார்.

"ஆள் நீளத்துக்கு ஒரு கொழாய் வேணும்."

"என்ன எழுத்து சார்?" என்றார் முதலாளி.

"எழுத்து வேணாம். நேரா இருந்தாப் போதும்."

"என்ன கலர் வெளிச்சம்?"

"வெளிச்சம் எப்படி இருந்தாலும் பரவாயில்ல."

முதலாளி என்னைப் பார்த்து, "ஏலே முத்து, நீயே பேசு" என்று உள்ளே போய்விட்டார். சார் என் பக்கத்தில் ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்து, நான் வேலை பார்ப்பதைக் கடை மூடும்வரை பார்த்தார். குழலுக்குள் காற்று மிச்சம் இருப்பது எப்படித் தெரியும் என்று கேட்டார். எரிகிற நிறத்தைப் பார்த்தால் தெரியும் என்றேன். "எங்க காலேஜுக்கு வந்துர்றியா?" என்றார். அவ்வளவுதான் என் இன்டர்வியூ.

அங்கே அவர் செய்த ஆராய்ச்சி இதுதான். ஒரு வாயுவைச் சூடாக்கிக்கொண்டே போனால் அணுக்களிலிருந்து எலக்ட்ரான் பிய்ந்து வந்துவிடும். அந்தக் கலவையின் பெயர் பிளாஸ்மா. சூரியன் முழுக்க அதுதான். டியூப் லைட்டுக்குள்ளும் அதுதான், சூடும் நெருக்கமும்தான் வேறு. கோடிக்கணக்கான டிகிரியில் பிளாஸ்மாவைப் பிடித்து வைத்தால் அணுக்கருக்கள் ஒன்றோடொன்று சேரும். சேரும்போது சக்தி வரும். ஆனால் அந்தச் சூட்டைத் தாங்கப் பாத்திரம் கிடையாது. காந்தத்தால் வேலி போட்டுத்தான் நிறுத்த வேண்டும். வேலி போட்டாலும் சூடு கசிந்து போகிறது, கணக்கில் வருவதைவிட வெகு வேகமாக. காரணம், உள்ளே இருக்கும் கொந்தளிப்பு.

கொந்தளிப்பு என்றால் என்னவென்று காட்ட சார் எங்களைப் பக்கத்துக் கால்வாய் மதகுக்குக் கூட்டிப்போனார். மதகுக்கு மேலே தண்ணீர் கண்ணாடி மாதிரி நின்றது. கீழே சுழித்துச் சுழித்து ஓடியது. "மேல இருக்கிற தண்ணிக்குக் கணக்குப் போடுறது லேசு. கீழ இருக்கிறதுக்குப் போடுறதுக்குத்தான் நான் சம்பளம் வாங்குறேன்" என்றார்.

எங்களோடு வந்திருந்த பேச்சியம்மாள் சொன்னது: "சுழிக்கிற எடத்துலதான் சார் அடிமண்ணு மேல வரும். நின்ன தண்ணில வராது."

சார் குடையைக் கீழே போட்டுவிட்டுக் கை தட்டினார். "அதேதான்! சூடும் அப்படித்தான் வெளிய வருது."

பேச்சியம்மாள் கொட்டாம்பட்டிக்காரப் பெண். அப்பா விவசாயி. அந்தக் குடும்பத்தில் முதலில் கல்லூரிப் படி ஏறிய ஆள் அவள்தான். சாரிடம் டாக்டர் பட்டத்துக்கு ஆராய்ச்சி செய்துகொண்டிருந்தாள். என்னை அண்ணே என்பாள். நான் அவளைப் பாப்பா என்பேன்.

ஆக, நாங்கள் சூரியன் செய்யவில்லை. சூரியன் செய்யப் பார்ப்பவர்களுக்கு அது ஏன் கைக்குள் நிற்க மாட்டேன் என்கிறது என்பதில் ஒரு துணுக்கைக் கண்டுபிடித்துச் சொல்லப் பார்த்தோம்.

என் வேலையைச் சொல்கிறேன். கண்ணாடிக் குழாய் மேசைமேல் படுத்திருக்கும். அதைச் சுற்றிச் செம்புக் கம்பிச் சுருள்கள். அதுதான் காந்த வேலி. ஒரு முனையில் இழை, பல்பில் இருப்பது போல. அது சூடானால் எலக்ட்ரான் கிளம்பும். குழாயை எரிக்கிற மின்சாரம், சுவர் பிளக்கில் ஓடும் ஒரு கரண்ட் பெட்டியிலிருந்து வரும். நடுவில் முடி மாதிரி ஒரு கம்பி உள்ளே நீட்டிக்கொண்டிருக்கும். உள்ளே நடப்பதை மோப்பம் பிடித்துத் திரையில் கோடாகக் காட்டுவது அந்தக் கம்பிதான். குழாய்க்கு அடியில் இரண்டு பம்பு. காற்றையெல்லாம் உறிஞ்சிய பிறகுதான் ஆர்கான் வாயுவைத் துளியாக விட வேண்டும்.

எங்கேயாவது ஊசிமுனை ஓட்டை இருந்தாலும் வெளிக்காற்று நுழைந்துவிடும். அதைக் கண்டுபிடிக்கிற முறையை நான் நியான் கடையிலிருந்தே கொண்டுபோனேன். பஞ்சில் ஸ்பிரிட்டை நனைத்து, ஒவ்வொரு இணைப்பாக ஒற்றிக்கொண்டே வர வேண்டும். ஓட்டை இருக்கும் இடத்தில் ஸ்பிரிட் ஆவி உள்ளே போகும். உடனே குழாய்க்குள் இருக்கும் ஒளி நிறம் மாறி வெளிறும். அவசரப்பட்டால் தெரியாது. ஒற்றி, மூச்சைப் பிடித்து, பார்த்து, அடுத்தது.

இரண்டாவது பம்பில் எண்ணெய் கொதிக்கும். அந்த ஆவி குழாய்க்குள் ஏறாமல் இருக்க, வழியில் ஒரு கிண்ணத்தில் திரவ நைட்ரஜன் ஊற்றி உறைய வைக்க வேண்டும். பனிக்கட்டியெல்லாம் அதன் பக்கத்தில் வெந்நீர். அந்தக் காலத்தில் மதுரையில் அது எங்கே கிடைக்கும்? மாட்டுக்குச் சினை ஊசி போடுகிற நிலையத்தில்தான். காளை விந்தை உறைய வைத்திருப்பது அதில்தான். அலங்காநல்லூர்ப் பக்கம் இருந்த நிலையத்துக் கம்பவுண்டர் எனக்குப் பழக்கம். அவருக்கு வேண்டிய கண்ணாடிக் குழல்களை நான் ஊதிக் கொடுப்பேன், அவர் அனுமதி வாங்கி ஒரு கேன் நிரப்பிக் கொடுப்பார்.

"ஏண்ணே, ஒங்க காலேஜுல எம்புட்டு மாடுண்ணே நிக்கிது?" என்று ஒவ்வொரு தடவையும் கேட்பார்.

கேனைத் தூக்கிக்கொண்டு பஸ் ஏறினால் மூடி ஓரத்தில் வெள்ளையாகப் புகையும். கண்டக்டர் முதல் நாள் அரண்டுவிட்டார்.

"என்னண்ணே அது, குண்டா?"

"மாட்டு ஆஸ்பத்திரி சரக்கு."

"காளைச் சமாச்சாரமா? அப்ப அரை டிக்கெட்டு போடவா, முழு டிக்கெட்டு போடவா?"

பஸ்ஸே சிரிக்கும். ஆனால் என் பக்கத்து ஸீட்டில் யாரும் உட்கார மாட்டார்கள். அலங்காநல்லூரிலிருந்து டவுனுக்கு, டவுனில் மாறி மேலூர் பஸ். கல்லூரிக்கு வந்து சேர மத்தியானம் ஆகிவிடும். அதன் பிறகுதான் குழாயை எரிப்போம். இதை நினைவில் வையுங்கள்.

இனி சாரின் சனிக்கிழமை. மற்ற இடங்களில் எப்படியோ, எங்கள் அறையில் ஒரு வழக்கம் இருந்தது. சனிக்கிழமை டீ வந்ததும் சார், "இன்னைக்கு யாரு எதிர்க்கட்சி?" என்பார். முறை வந்தவர் எழுந்து, அந்த வாரம் அளந்தது எல்லாம் பொய் என்று வாதாட வேண்டும். மற்றவர்கள் பதில் சொல்ல வேண்டும். எனக்கும் முறை உண்டு. "பல்லி ஓடியிருக்கும் சார், அதான் கோடு குதிச்சிருக்கு" என்று ஒரு தடவை சொன்னேன். சார் சிரிக்கவில்லை. பேச்சியம்மாளைப் பார்த்து, "பல்லி இல்லைன்னு நிரூபி" என்றார். பாவம், அவள் மேசைக்கடியில் தவழ்ந்து பார்த்தாள்.

அதில் ஒரு சட்டம் இருந்தது. ஆராய்ச்சி முடிவை வெளியே அனுப்புவதற்கு முந்திய சனிக்கிழமை, அளந்த ஆளே எதிர்க்கட்சியாக நிற்க வேண்டும். "அடுத்தவன் தப்பக் கண்டுபிடிக்கிறதுக்கு ஊரே வரும். நம்ம தப்ப நாமதான் தேடணும்" என்பார்.

சார் பல வருஷமாக ஒரு கணக்குப் போட்டு வைத்திருந்தார். பழைய கேள்வித்தாள்களின் பின்பக்கம் பென்சிலால் போட்ட கணக்கு. பிளாஸ்மா திடீரென்று கொந்தளிக்காது, முதலில் ஒரே ஒரு ஒழுங்கான அலை எழும், அது பெருத்து உடைந்துதான் கொந்தளிப்பாகும் என்பது அதன் சாரம். எண்பதுகளின் தொடக்கத்தில் பேச்சியம்மாள் அந்த அலையைப் பிடித்தாள். திரையில் பச்சைக் கோடு நெளிநெளியாக, கோலம் மாதிரி அழகாக நின்றது. சார் கணக்கில் சொன்ன துடிப்புக்கு வெகு பக்கம். அவர் வெளியே போய்க் கொஞ்ச நேரம் வேப்பமரத்தடியில் தனியாக நின்றுவிட்டு வந்தார்.

அந்த அலைதான் அவளுடைய ஆய்வேடு. வடக்கே ஒரு மாநாட்டில் சார் அதைப் பற்றிப் பேசுவதாகவும் அறிவித்துவிட்டார்கள். பேச்சியம்மாளின் உதவித்தொகை அந்த மார்ச்சோடு முடிகிறது. வீட்டில் அவள் அப்பா, "இந்த வருசத்தோட முடிச்சிட்டு வந்துரு தாயி, அதுக்கு மேல என்னால சமாளிக்க முடியாது" என்று சொல்லிவிட்டார். ஏடு எழுதினால் பட்டம், வேலை. இல்லாவிட்டால் கொட்டாம்பட்டி பஸ்.

ஒரே ஒரு கோளாறு. சில நாள் அலை வராது. அதுவும் மழை பெய்த மறுநாள் வரவே வராது. ஈரக்காற்று எங்கேயோ நுழைகிறது என்று நினைத்தோம். நுழைந்தால் அது என் இணைப்புகளில்தான் நுழைய வேண்டும். பஞ்சும் ஸ்பிரிட்டுமாக நான் குழாயைச் சுற்றிச் சுற்றி வந்தேன். எல்லா இணைப்பையும் பிரித்துத் திரும்ப மெழுகு வைத்தேன். ஒளி நிறமே மாறவில்லை. "லீக் இல்ல சார்" என்பேன். "சரி முத்து, டீ குடி" என்பார். அவர் கோபப்பட்டிருந்தால்கூட எனக்கு ஆறுதலாக இருந்திருக்கும்.

முடிவை அனுப்புவதற்கு முந்திய கடைசிச் சனிக்கிழமை வந்தது. பேச்சியம்மாள் எதிர்க்கட்சி. டீ கிளாஸைத் தொடாமல் எழுந்து நின்றாள்.

"சார், இந்த அலை பிளாஸ்மாவோடது இல்லைன்னு சொல்றேன்."

"சொல்லு. யாரோடது?"

"நாம ஒரு நாளாவது காலைல அளந்திருக்கமா சார்?"

சார் என்னைப் பார்த்தார். மாட்டு ஆஸ்பத்திரி கேன் மத்தியானம்தானே வரும்.

"மத்தியானம் இந்தப் பக்கத்துக்கு மூணு பேஸ் கரண்ட் விடுறாங்க. அப்பத்தான் வயக்காட்டுல அம்புட்டு மோட்டாரும் ஓடும். நேத்து ஜன்னலோரமா நின்னுக்கிட்டு இருந்தேன் சார். மோட்டார் சத்தம் கேக்குது, திரையில அலை நிக்கிது. சத்தம் நின்னுச்சு, கொஞ்ச நேரத்துல அலையும் போச்சு. மழை பேஞ்சா எவன் மோட்டார் போடுவான்? எங்கப்பாவே போட மாட்டாரு."

சார் மெதுவாகக் கேட்டார்: "மோட்டாருக்கும் நம்ம கொழாய்க்கும் என்ன?"

"மோட்டார் ஓடுனா வோல்டேஜ் எறங்குது. நம்ம கரண்ட் பெட்டி தடுமாறுது. அதுவே ஒரு துடிப்பப் போடுதோன்னு சந்தேகம். அலை கொழாயோடது இல்ல சார், பெட்டியோடது."

"எப்படி நிரூபிப்ப?"

"பெட்டியே இல்லாம எரிச்சுப் பாக்கணும். பேட்டரில."

அவள் உட்கார்ந்தாள். தன் ஏட்டுக்குத் தானே தீ வைத்துவிட்டு உட்கார்ந்த மாதிரி இருந்தது எனக்கு. "ஏன் பாப்பா, இத ஏடு கொடுத்த பெறகு சொல்லக் கூடாதா?" என்று காதோரமாகக் கேட்டுவிட்டேன். "அப்ப சொன்னா அது எதிர்க்கட்சி இல்லண்ணே, திருட்டு" என்றாள்.

திங்கட்கிழமை நான் மேலூர் பஸ் ஸ்டாண்டுக்குப் போனேன். அங்கே லாரி பேட்டரிக்குச் சார்ஜ் ஏற்றும் கடை வைத்திருந்தவர் சிக்கந்தர் பாய். இருக்கிற பேட்டரியெல்லாம் ஒரு நாள் வேண்டும் என்றேன்.

"எதுக்கு முத்து? மேடைக் கச்சேரியா?"

"சூரிய ஆராய்ச்சி பாய்."

"யா அல்லா! அந்தச் சூரியனே இத்தன காலமா பேட்டரி இல்லாம ஓசில எரியுது. ஒங்க சூரியனுக்கு மட்டும் என்ன கேடு?" என்று திட்டிக்கொண்டே மாட்டு வண்டியில் ஏற்றிவிட்டார். "ஆசிட் சிந்தாம திரும்பி வரணும், ஆமா!"

பேட்டரிகளை வரிசையாகத் தரையில் வைத்து ஒன்றோடொன்று கோத்தேன். காந்தச் சுருளுக்குத் தனிப் பெட்டி; அதன்மேல் குற்றமில்லை என்று முன்பே பார்த்திருந்தோம். மத்தியானம் மோட்டார்கள் ஓடத் தொடங்கின. முதலில் பழையபடி பெட்டியில் எரித்தோம். அலை வந்து நின்றது, மகாராணி மாதிரி. அணைத்து, பெட்டியின் வயரைப் பிடுங்கிச் சுவர்ப்பக்கம் போட்டுவிட்டுப் பேட்டரிக்கு மாற்றினேன். குழாய்க்குள் அதே ஊதா ஒளி. திரையில் நேர்க்கோடு.

திரும்பப் பெட்டி. அலை. திரும்பப் பேட்டரி. கோடு.

சார் ஸ்டூலில் உட்கார்ந்திருந்தார். எத்தனை வருஷக் கணக்கு அது! எழுந்து பேச்சியம்மாளிடம் வந்து, "நல்லா வாதாடுனம்மா" என்றார். அவ்வளவுதான் சொன்னார். அவள் முகத்தைத் துடைத்துக்கொண்டு ஜன்னல் பக்கம் திரும்பிவிட்டாள்.

மறுநாள் சார் மாநாட்டுக்காரர்களுக்கு, அலை பொய், வந்து அது எப்படிப் பொய்யானது என்பதைப் பேசுகிறேன் என்று எழுதிப் போட்டார். அதன்பின் என்னையும் பேச்சியம்மாளையும் அழைத்துக்கொண்டு கொட்டாம்பட்டிக்கு பஸ் ஏறினார். இன்னும் ஒரு வருஷம் கேட்கத்தான்.

அவள் அப்பா கிணற்றடியில் மோட்டார் அறை வாசலில் இருந்தார். சார் விஷயத்தைச் சொல்லச் சொல்ல அவர் முகம் கறுத்தது.

"அப்ப மோட்டாருனாலதான் எம்மக படிப்பு போச்சுங்கறீகளா?"

"அப்படி இல்லைங்க..."

"ஒங்க காலேசுப் பக்கத்து ஊருல எனக்குச் சம்பந்தகாரக இருக்காக சார். நான் வந்து பேசுறேன். இவ பரிச்ச முடியிறமுட்டும் மோட்டாரப் போடாதீகன்னு கால்ல விழுந்து கேக்குறேன்."

"அப்பா!" என்றாள் பேச்சியம்மாள். "பயிரு காயவா? மோட்டார் ஓடுனதுனாலதான் அது பொய்யின்னே தெரிஞ்சுச்சு."

"பொய்யின்னு தெரிஞ்சு என்னத்தா செய்ய?"

"பொய்யப் பிடுங்கிப் போட்டா கீழ என்ன இருக்குன்னு பாக்கலாம்ப்பா."

அவர் தண்ணீர் ஓடும் வாய்க்காலையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு சாரிடம், "களை எடுக்கிறாளாம் சார்" என்றார். "ஒரு வருசம்தான். அடுத்த வருசமும் களைன்னு வந்து நிக்கப்படாது." சார் இரண்டு கையும் கூப்பிவிட்டார். உதவித்தொகையை இன்னும் ஒரு வருஷம் நீட்டச் சொல்லி அவர் ஏறி இறங்காத ஆபீஸ் இல்லை. கடைசியில் கிடைத்தது.

அந்த வருஷம் நாங்கள் பேட்டரியிலேயே ஓட்டினோம். சிக்கந்தர் பாய் கடையின் கிழடு தட்டிய பேட்டரியெல்லாம் எங்கள் அறைக்கே குடிவந்தன. அந்த நேர்க்கோட்டைப் பெரிதாக்கிப் பார்த்தபோது அது நேராக இல்லை. ஒரு ஒழுங்கும் இல்லாத பிசிறு. இத்தனை நாள் பெட்டியின் சத்தத்துக்கு அடியில் அது அமுங்கிக் கிடந்தது. காந்தத்தைக் கூட்டினால் பிசிறு ஒரு விதமாக மாறியது, குறைத்தால் வேறு விதமாக. காலையில் அளந்தாள், மாலையில் அளந்தாள், மழையில் அளந்தாள். நான் கேனைத் தூக்கிக்கொண்டு முதல் பஸ்ஸுக்கே ஓடினேன். ஒவ்வொரு சனிக்கிழமையும் எதிர்க்கட்சியாக நின்று அந்தப் பிசிறைக் கொல்லப் பார்த்தோம். சாகவில்லை.

சாரின் அழகான ஒற்றை அலை கடைசிவரை வரவில்லை. எங்கள் குழாயில் கொந்தளிப்பு வேறு வழியாகப் பிறந்தது. சார் பென்சிலைச் சீவிக்கொண்டு முதலிலிருந்து ஆரம்பித்தார். அந்த வயதில் ஒருவர் அப்படிச் சந்தோஷமாகத் தோற்றதை நான் வேறெங்கும் பார்க்கவில்லை.

ஏடு கொடுத்து, வாய்மொழித் தேர்வு வந்தது. அது பொதுத் தேர்வு. யார் வேண்டுமானாலும் வந்து உட்காரலாம், கேள்வியும் கேட்கலாம். வெளியூர்ப் பேராசிரியர் ஒருவர் தேர்வாளர். ஹாலில் கடைசி பெஞ்சில், வெளுத்த வேட்டி சட்டையோடு அவள் அப்பா. பக்கத்தில் நான். பேச்சு முழுக்க இங்கிலீஷ். அவர் கண்ணை எடுக்காமல் மகளையே பார்த்தார். தேர்வாளர் கேட்டதற்கெல்லாம் அவள் நின்று நிதானமாகப் பதில் சொன்னாள். முடிவில் தேர்வாளர், சபையில் வேறு யாருக்காவது கேள்வி உண்டா என்று கேட்டார். சம்பிரதாயத்துக்குக் கேட்பதுதான்.

எனக்குப் பக்கத்தில் கை உயர்ந்தது. நான் வேட்டியைப் பிடித்து இழுத்தேன், அவர் எழுந்துவிட்டார்.

"தமிழ்ல கேக்கலாங்களா?"

தேர்வாளருக்குத் தமிழ் தெரியாது. சார் அவரிடம் ஏதோ சொல்ல, அவர் தலையசைத்தார்.

"போன வருசம் ஒண்ணு இருந்துச்சு, அது பொய்யின்னு ஆயிருச்சு. இப்ப இருக்கிறதாவது நெசந்தானா?"

ஹாலில் சிரிப்பு எழுந்து, பேச்சியம்மாள் முகத்தைப் பார்த்ததும் அடங்கிவிட்டது. மற்றவர்களுக்குப் பதில் சொன்னபோது வராத பயம் அப்போது அவள் முகத்தில் வந்தது. ஆமாம் என்று ஒரு வார்த்தை சொன்னால் முடிந்தது. அவள் அதைச் சொல்லவில்லை.

"எங்களால முடிஞ்ச மட்டும் பொய்யாக்கப் பாத்தோம்ப்பா. ஆகல. நாளைக்கு எங்களவிடக் கெட்டிக்காரங்க யாராச்சும் வந்து பொய்யாக்குனா, அப்ப அது பொய்தான். இன்னைக்கு நெசம்."

சார் அதைத் தேர்வாளருக்கு இங்கிலீஷில் சொன்னார். பாதியில் நிறுத்தித் தண்ணீர் குடித்துவிட்டுத்தான் முடித்தார்.

அவள் அப்பா, "அப்பச் சரி" என்று உட்கார்ந்தார். உட்கார்ந்ததும் என் காதில், "ஏன் தம்பி, பாஸா பெயிலா?" என்று கேட்டார். முன்வரிசையில் தேர்வாளர் எழுந்து பேச்சியம்மாளிடம் கை நீட்டிக்கொண்டிருந்தார். "நீங்களே பாருங்கண்ணே" என்றேன்.